லுங் சிஹுங்: நடிப்பா, ஆங் லீ தந்த வாழ்வா?

இரவுக்காட்சி: தைவான் நடிகர் லுங் சிஹுங்கை எல்லாரும் தலையில் தூக்கி வைத்துக் கொண்டாடுகிறீர்கள், எனக்கு ஒப்பவில்லை. இயக்குநர் ஆங் லீ தன் முதல் படமான 'புஷிங் ஹேண்ட்ஸ்'க்கு (1991) கூப்பிட்டபோது மனிதர் அறுபதைத் தொட்டு ஓய்வும் பெற்றிருந்தார். அப்புறம் 'வெட்டிங் பேங்க்வெட்', 'ஈட் டிரிங்க் மேன் உமன்' என்று மூன்றிலும் அதே வாய் திறக்காத அப்பா. புகழ் இயக்குநருக்குத்தான் சேர வேண்டும்.

கடைசிவரிசை: ஓய்வு பெற்றவர் என்றால் அதற்கு முன்னால் ஒரு வாழ்க்கை இருந்தது என்றுதானே அர்த்தம்? சீனாவிலிருந்து படையோடு தைவானுக்கு வந்து, ராணுவ நாடகக் குழுவில் நடித்துப் பழகியவர். சரி, அதே அப்பா என்கிறீர்களே, 'வெட்டிங் பேங்க்வெட்' கடைசிக் காட்சியைப் பாருங்கள். மகன் ஓர்பாலீர்ப்பாளன், கல்யாணமே நாடகம் என்று அவருக்குத் தெரியும், மனைவியிடம்கூடச் சொல்லவில்லை. விமான நிலையச் சோதனையில் இரண்டு கையையும் மெதுவாக உயர்த்துகிறார். சோதனைக்காகத் தூக்கிய கைதான், ஆனால் தோற்றதை ஒப்புக்கொள்கிற மாதிரியும் இருக்கிறது. முதுகைக் காட்டிக்கொண்டே இதைச் சொல்ல எத்தனை பேரால் முடியும்?

இரவுக்காட்சி: அந்தக் காட்சியை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அதை மெதுவாக ஓடவிட்டது இயக்குநர். 'ஈட் டிரிங்க்' தொடக்கத்தில் நாம் வாயைப் பிளந்து பார்க்கிற சமையலும் பாதி அவருடையது இல்லை, வெட்டுகிற கைகள் தொழில்முறைச் சமையல்காரர்களுடையவை.

கடைசிவரிசை: கை வேறொருவருடையது, முகம் அவருடையது. நாக்கில் ருசி செத்துப்போன சமையல்காரர் அவர், அதை வசனத்தில் அழுது சொல்லவில்லை. முடிவில் மகள் வைத்த சூப்பைக் குடித்துவிட்டு இஞ்சி அதிகம் என்று குறை சொல்கிறார், மகள் சண்டைக்கு வருகிறாள், பிறகுதான் தனக்கு ருசி தெரிகிறது என்பதே அவருக்கு உறைக்கிறது. 'புஷிங் ஹேண்ட்ஸ்' கிழவரோ வேறு ஆள்: நியூயார்க் ஓட்டலில் தட்டு கழுவும் தொட்டி முன்னால் நின்றால் அடியாட்கள் தள்ளியும் நகரமாட்டார். அதற்குத்தான் தைவானின் கோல்டன் ஹார்ஸ் திரைப்பட விருதுகளில் சிறந்த நடிகர் விருது.

இரவுக்காட்சி: இஞ்சி இடத்தை நான் கவனிக்கவில்லை, இன்று ராத்திரி மறுபடி பார்க்கிறேன். ஆனால் 2002இல் அவர் போகும்வரை வேறு இயக்குநர் யாரும் இதே அளவு அவரைப் பயன்படுத்தவில்லை என்ற என் வருத்தம் அப்படியேதான் இருக்கிறது.

கடைசிவரிசை: அந்த வருத்தம் எனக்கும் உண்டு.