மறு: ஒலிக் காப்பகத்திற்கான நிதி – கட்டடத்திற்கு முன்னால் ஒலிநாடாக்கள்

அன்புள்ள சங்க உறுப்பினர்களுக்கு, வணக்கம்.

நம் ஒலிக் காப்பகத்துக்குக் கட்டடம் எழுப்பச் செயலாளர் அண்ணன் அனுப்பிய வரைபடத்தை மூன்று முறை பார்த்தேன். பாட்டுக்கு ஓர் அறை, பேச்சுக்கு ஓர் அறை, இனி எங்குமே கேட்க முடியாத ஒலிகளுக்கு ஓர் அறை என்று அவர் மனத்தில் கட்டியிருக்கும் காப்பகம் எனக்கும் பிடித்திருக்கிறது. ஆனால் அது இன்னும் தாளில்தான் இருக்கிறது. அதற்குள் வைக்க வேண்டிய பழைய ஒலிநாடாக்களோ சங்க அறையின் இரும்புப் பெட்டியில் அழிந்துகொண்டிருக்கின்றன.

சென்ற மாதம் என் தங்கை அங்கே போயிருந்தபோது, பெட்டியைத் திறந்ததுமே வினிகர் வாடை அடித்திருக்கிறது. அசிட்டேட் அடித்தளம் கொண்ட பழைய ஸ்பூல் நாடாக்கள் சிதையும்போது அசிட்டிக் அமிலம் வெளியேறும். அந்த அமிலமே சிதைவை மேலும் விரைவாக்குவதோடு, பக்கத்தில் இருக்கும் நாடாக்களையும் கெடுக்கும். வாடை வராத வேறொரு ஸ்பூலை அவள் கருவியில் ஏற்றி ஓட்டிப் பார்த்தாள். யாரோ செருமும் ஓசை, நாற்காலி நகரும் ஓசை, பிறகு பெரியம்மாவின் தாலாட்டில் ஒன்றரை வரி. அத்துடன் நாடா கீச்சிட்டு நின்றுவிட்டது. கருவியின் ஒலிமுனையில் பழுப்பு நிறப் பிசுக்கு அப்பியிருந்ததாம். ஒலியைத் தாங்கும் காந்தத் துகளை நாடாவில் ஒட்டிவைத்திருக்கும் பசை ஈரத்தை உறிஞ்சி இளகி, அந்தத் துகளோடு சேர்ந்து உரிந்து வந்ததுதான் அந்தப் பிசுக்கு. அவள் பஞ்சால் துடைத்தெடுத்தது பெரியம்மாவின் குரலில் ஒரு பகுதி. இதை அவளிடம் நான் இன்னும் சொல்லவில்லை.

இப்படிப் பிசுபிசுத்த நாடாக்களை வல்லுநர்கள் 50 பாகை செல்சியசுக்குச் சற்று மேலான சீரான வெப்பத்தில் பல மணி நேரம் வைத்து, சில வாரங்களுக்கு ஓடும் நிலைக்குக் கொண்டுவருவார்கள். அந்த இடைவெளிக்குள் பதிவைக் கணினிக் கோப்பாக மாற்றி எடுத்துவிட வேண்டும். வினிகர் வாடை அடிக்கும் நாடாவுக்கு இந்த முறை ஆகவே ஆகாது. எது எந்த வகை என்று அறிந்தவர் பிரித்துச் சொல்லும் வரை யாரும் எதையும் ஓட்டிப் பார்க்க வேண்டாம் என்று கெஞ்சிக் கேட்டுக்கொள்கிறேன். காந்த நாடாக்களை ஓட்டும் கருவிகளும் உதிரிப் பாகங்களும் 2025 வாக்கில் பெரும்பாலும் கிடைக்காமல் போகும் என்று யுனெஸ்கோவும் உலக ஒலி-ஒளிக் காப்பகங்களின் சங்கமும் 2019-லேயே எச்சரித்தன. அந்த ஆண்டு வந்துவிட்டது; நாம் இன்னும் தூண்களின் உயரத்தைப் பற்றிப் பேசிக்கொண்டிருக்கிறோம்.

நாடாக்களை மாற்றி எடுப்பதற்குப் பொருளாளர் கணக்குக் கேட்டதில் தவறே இல்லை. பெட்டியில் இருப்பவை 41 நாடாக்கள். ஒரு மணி நேர நாடாவை மாற்றி எடுக்க ஒரு மணி நேரம் ஓட்டியே ஆக வேண்டும். இதில் குறுக்குவழி கிடையாது. காப்பகங்கள் பின்பற்றும் 96 கிலோஹெர்ட்ஸ், 24 பிட் தரத்தில் (ஒலியை நொடிக்கு 96,000 முறை நுணுக்கமாக அளந்து பதியும் தரம்), சுருக்கப்படாத ஒற்றைத் தட ஒலி மணிக்கு ஏறத்தாழ 1 ஜிகாபைட் இடம் பிடிக்கும். ஆகவே மொத்தப் பெட்டியும் சட்டைப் பையில் அடங்கும் ஒரு வன்தட்டில் அடங்கிவிடும். செலவு சேமிப்பிடத்தில் இல்லை. பராமரித்த கருவியிலும், அதன் முன்னால் பொறுமையாக உட்கார்ந்திருக்கும் மனிதரின் நேரத்திலும்தான் இருக்கிறது. முன்பு நாம் ஒரு கடையில் கொடுத்து எடுத்த பிரதிகளில், இரைச்சலை நீக்குகிறோம் என்று சொல்லிப் பாட்டுக்கு முந்தைய பேச்சையும் மூச்சையும் வெட்டிவிட்டார்கள். அதில் என் அப்பா பாடகியை அழைத்த குரலும் போய்விட்டது. தூய்மைப்படுத்துவதைப் பிரதியில் செய்துகொள்ளலாம். மூலப் பதிவில் ஒரு நொடியைக்கூடத் தொடக் கூடாது.

ஒவ்வொரு நாடாவுக்கும் விவரம் எழுதிய குறிப்பேடு வேண்டும் என்று நான் திரும்பத் திரும்பச் சொல்வதற்கும் காரணம் உண்டு. 1860-இல் பாரிசில் எடுவார்-லெயோன் ஸ்காட் என்ற கண்டுபிடிப்பாளர், ஒலியைக் கோடாக வரையும் தம் கருவியால் புகைக்கரி பூசிய தாளில் ஒரு பாட்டைக் கோடுகளாகப் பதித்தார். ஒலியைப் பதித்துத் திரும்ப ஒலிக்கச் செய்த எடிசனின் ஃபோனோகிராஃபுக்கு 17 ஆண்டுகள் முந்தியது அது. 2008-இல் அந்தக் கோடுகளை முதன்முறையாக ஒலியாக்கியபோது ஒரு பெண்ணோ சிறுமியோ பாடுவதாக எல்லோரும் நினைத்தார்கள். வேகத்தை இருமடங்காகக் கொண்டுவிட்டார்கள் என்பது பின்னர்தான் தெரிந்தது. பாதி வேகத்தில் ஓட்டியதும் மெதுவாகப் பாடும் ஓர் ஆணின் குரல் கேட்டது, பெரும்பாலும் ஸ்காட்டின் குரலே. எந்த வேகம், யார் குரல், எந்த நாள், எந்தக் கருவி என்று இன்று நாம் எழுதிவைக்காவிட்டால் பெரியம்மாவை நாளை யாரும் அடையாளம் காண மாட்டார்கள்.

காப்பகத்தின் பெயர்ப் பலகை பற்றி மாமா வருத்தத்தோடு எழுதியிருந்தார். அன்று அவர் அந்தப் பதிவுக் கருவியை வாங்கி அனுப்பியிராவிட்டால் இந்தப் பெட்டியே இருந்திருக்காது. அதை நான் மறக்கவில்லை. என்றாலும் முதலில் எழுத வேண்டியது பாடியவர்களின் பெயர்களை. பெரியம்மாவின் பேரன் நம்மோடு ஏன் பேசுவதில்லை என்பது இங்கே எல்லோருக்கும் தெரியும். அவர் சம்மதம் இல்லாமல் அந்தத் தாலாட்டை யாருக்கும் கேட்கத் தரக் கூடாது. அவருக்கு நானே எழுதுகிறேன்.

அண்ணனின் வரைபடத்தில் மூன்றாவது அறையை மட்டும் இப்போதே தொடங்கலாம், அதற்குச் சுவர் தேவையில்லை. யாரும் பதிவு செய்யாமலே மறைந்த ஒலிகளை, கேட்டவர்கள் உயிரோடு இருக்கும்போதே சொற்களில் எழுதிவைப்போம்: எங்கே கேட்டது, எவ்வளவு நேரம் நீடித்தது, எதைப் போல ஒலித்தது, எப்போது நின்றுபோனது. மூத்த அக்கா ஒப்புக்கொண்டால் முதல் பதிவு அவருடையதாக இருக்கட்டும்.

நாம் பல நாடுகளில் சிதறி இருப்பது இந்த ஒரு காரியத்திற்கு நல்லது. மூன்று பிரதிகளை மூன்று நாடுகளில் வைத்து, ஆண்டுக்கு ஒரு முறை திறந்து சரிபார்க்க மூன்று பேர் வேண்டும். ஒருவர் நான், இன்னும் இருவர் பெயர் தாருங்கள். பெட்டியின் சாவி இப்போது தங்கையிடம் இருக்கிறது. வாடை அடிக்கும் நாடாக்களை அவள் தனியே எடுத்து, காற்றோட்டமான அட்டைப்பெட்டியில் வைத்துவிட்டாள்.

அன்புடன்,
முன்னாள் இணைச் செயலாளர்