நைனா கையில் சாவி இருக்கும் வரைக்கும்

ராயபுரத்திலிருந்து:

வளர்ந்த பிள்ளையையும் தன் பிடியிலேயே வைத்திருக்கும் அப்பா அம்மாவைப் பற்றி, வடசென்னை ஆட்கள் நாம் அவரவர் வீட்டுக் கதையைப் போதும் போதும் என்கிற அளவுக்கு எழுதியாச்சு. இந்தத் தடவை கதை வேண்டாம். என்ன செய்தால் பெருசு என்ன செய்யும், எங்கே சறுக்கும், அதை மட்டும் எழுதுங்கள்.

பணத்திலிருந்து தொடங்குகிறேன். முப்பது வயதுப் பிள்ளையின் ஏடிஎம் கார்டு அப்பா சட்டைப்பையில் இருக்கும் வீடுகள் இங்கே நிறைய. கார்டைத் திருப்பிக் கேட்டால் அன்றைக்கே சண்டை. கேட்கவே வேண்டாம், வேறு வங்கியில் புதுக் கணக்கு தொடங்குங்கள். அதற்கு முன்னால் ஒன்றைப் பார்க்க வேண்டும்: ஆதாரோடு இணைந்த செல்போன் எண் யாருடையது? அது அப்பாவுடையதாக இருந்தால் ஓடிபி அவர் கைக்குப் போகும், காரியம் முதல் நாளே உடைந்துவிடும். ஆதார் மையத்துக்கு நேரில் போய் எண்ணை மாற்றிய பிறகு வங்கிக்குப் போங்கள்.

கம்பெனியில் புதுக் கணக்கு எண்ணை மாதத் தொடக்கத்திலேயே கொடுத்துவிடுங்கள். கடைசி வாரத்தில் கொடுத்தால் அந்த மாதச் சம்பளம் பழைய கணக்கிலேயே விழும். பழைய கணக்கை உடனே மூடவும் கூடாது. வண்டித் தவணையும் எல்ஐசியும் அதிலிருந்து போய்க்கொண்டிருக்கும், திரும்பினால் அபராதம். வீட்டுக்குக் கொடுக்கும் தொகையை முடிவு செய்து, 5-ம் தேதி தானாகப் போகும்படி வங்கியில் எழுதிக் கொடுங்கள். ஒரே தொகை, ஒரே தேதி. கோபத்தில் ஒரு மாதம் நிறுத்தினீர்களோ, தெரு முழுக்க உங்கள் பெயர்தான்.

வியாசர்பாடியிலிருந்து:

பணம் சரி. வாயை என்ன பண்றது?

அவங்க போன் அடிக்கும்போது எட்டு வாட்டி எடுக்காம ஒன்பதாவது வாட்டி எடுத்தா, ஒன்பது வாட்டி அடிச்சா வேலைக்கு ஆகும்னு நாமளே கத்துக்குடுத்த மாதிரி. எப்பவாவது கிடைக்கிற பலன்தான் ஒரு பழக்கத்தை ரொம்ப நாள் உயிரோட வைக்கும்னு ஸ்கின்னர்ங்கிற மனோதத்துவ நிபுணர் புறாவை வெச்சே காட்டிட்டாரு. அதனால நேரம் குறிச்சிடுங்க. ராத்திரி எட்டரை, பத்து நிமிஷம், நாமளே கூப்பிடணும். மத்த நேரம் அவசரம்னா மெசேஜ் போடச் சொல்லுங்க. முதல் ரெண்டு மூணு வாரம் இன்னும் மோசமாத்தான் ஆகும்: அழுகை, "நான் செத்தப்புறம் தெரியும்டா", அத்தையை விட்டுப் பேச வைக்கிறது. நிறைய பேர் அங்கதான் விட்டுக் குடுக்குறாங்க. அப்புறம் திரும்ப ஆரம்பிச்சா முன்னைவிட கஷ்டம்.

காரணம் சொல்லவே சொல்லாதீங்க. "சனிக்கிழமை வரல, ஹைரோட்டுல கன்டெய்னர் லாரி நிக்குது"ன்னா, "அதான் விம்கோ நகர் வரைக்கும் மெட்ரோ ஓடுதே"ன்னு வரும். ஒவ்வொரு காரணமும் அவங்க பிடிக்கிறதுக்கு ஒரு கைப்பிடி. "ஞாயித்துக்கிழமை வரேன்மா." ஏன்? "ஞாயித்துக்கிழமை வரேன்மா." அதே வார்த்தை, அதே குரல்.

ஒரே ரூம் வீட்ல சண்டை வந்தா கதவைச் சாத்திக்க இடம் இல்ல. "தண்ணி புடிச்சிட்டு வரேன், இருவது நிமிஷம்"னு நேரம் சொல்லிட்டு குடத்தோட வெளிய போங்க. சொன்ன நேரத்துக்குத் திரும்பி வந்துடணும். நேரம் சொல்லாம போனா அதுவே அடுத்த சண்டை.

தண்டையார்பேட்டையிலிருந்து:

"வீட்டை எழுதி வைக்க மாட்டேன்" என்பதுதான் பெரிய சாட்டை. பயப்படுவதற்கு முன் பத்திரப் பதிவுத்துறை இணையதளத்தில் வில்லங்கச் சான்று போட்டுப் பாருங்கள். அப்பா சொந்தமாகச் சம்பாதித்து வாங்கியது என்றால் யாருக்கு வேண்டுமானாலும் எழுதலாம். அந்த ஆசையை மனதுக்குள் முடித்துக்கொண்டால் சாட்டை பாதி அறுந்துவிடும். பூர்வீகச் சொத்து வேறு விஷயம். இந்து குடும்பங்களில் மகளுக்கும் சம பங்கு என்று தமிழ்நாடு 1989-லேயே சட்டம் போட்டது, ஆனால் அதற்கு முன் கல்யாணமான பெண்களை விட்டுவிட்டது. 2005-ல் மத்தியச் சட்டம் அந்த வேறுபாட்டையும் நீக்கியது. வாரிய வீடு என்றால் (2021-ல் பெயர் மாறினாலும் நமக்கு அது குடிசை மாற்று வாரியம்தான்) கிரயப் பத்திரம் ஆகியிருக்கிறதா, வெறும் ஒதுக்கீட்டு ஆணைதானா என்று பாருங்கள். பத்திரம் ஆகாத வீட்டை விற்றுவிடுவேன் என்பது வெறும் மிரட்டல்.

மறுபக்கமும் உண்டு. தனியாகப் போய்விட்டால் கடமை தீர்ந்தது என்று நினைக்க வேண்டாம். 2007 மூத்த குடிமக்கள் சட்டப்படி, தன்னைக் காப்பாற்றிக்கொள்ள வழியில்லாத பெற்றோர் கோட்டாட்சியரிடம் மனு போடலாம், மாதம் 10,000 ரூபாய் வரை உத்தரவாகலாம். மேலே ராயபுரம் சொன்ன 5-ம் தேதி வங்கிப் பதிவுதான் அப்போது உங்கள் சாட்சி. கையில் கொடுத்த காசுக்கு எந்தத் தடயமும் இருக்காது.

திருவொற்றியூரிலிருந்து:

எல்லா அதிகாரமும் பிறவிக் குணம் இல்லை. அறுபதுக்குப் பிறகு புதிதாகச் சந்தேகமும் கத்தலும் வந்திருந்தால் முதலில் காது. காது மந்தமானவருக்கு, பக்கத்து ரூமில் பேசுவதெல்லாம் தன்னைப் பற்றித்தான் என்று தோன்றலாம், குரலும் தானாக ஏறலாம். அடுத்து சர்க்கரை, தைராய்டு, ஞாபக மறதி. ஸ்டான்லி அரசு மருத்துவமனையில் மனநலப் பிரிவு இருக்கிறது. ஆனால் நேராக அங்கே கூப்பிட்டால் "என்னைப் பைத்தியம்னு கட்டப் பாக்கிறியா" என்றுதான் கேட்பார். பிரஷர் பார்க்கப் போகலாம் என்று பொதுப் பிரிவுக்கே அழைத்துப் போங்கள், டாக்டரிடம் முன்கூட்டியே ஒரு சீட்டில் எழுதிக் கொடுத்துவிடுங்கள். அவர் எழுதி அனுப்பினால் போவார்.

பிள்ளைக்கும் ஆலோசனை வேண்டும், அதற்குப் பெற்றவர் சம்மதம் தேவையில்லை. அரசின் மனநல உதவி எண் 14416, இலவசம், தமிழில் பேசலாம்.

பெரம்பூரிலிருந்து:

பெண்பிள்ளைகளுக்கு ஒன்று. பீரோ சாவி அம்மா இடுப்பில் இருந்தால், மார்க்‌ஷீட், ஆதார், பான் எல்லாவற்றையும் போட்டோ எடுத்து, முடிந்ததை டிஜிலாக்கரில் (ஆவணங்களைப் போனில் வைத்துக்கொள்ளும் அரசு செயலி) ஏற்றிவிடுங்கள். அசல் தொலைந்தாலும் நகல் வாங்க எண் வேண்டும். அடிக்கக் கை நீட்டினால் பெண்கள் உதவி எண் 181. 2005 குடும்ப வன்முறைச் சட்டம் புருஷன் வீட்டுக்கு மட்டும் என்று பலர் நினைக்கிறார்கள். பெற்ற வீட்டு மகளுக்கும் அது பொருந்தும்.

மன்னிப்புக்குக் காத்திருப்பவர்களுக்கு: அந்த வார்த்தை வராது. அதற்குப் பதில் டிபன் கேரியர் வரும். அதிலும் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை தடைக்காலத்தில், விசைப்படகுகள் கடலுக்குப் போகாமல் காசிமேட்டில் மீன் வரத்து குறையும் நேரத்தில், வஞ்சிரக் குழம்பு வந்தால் பெரிய மனசுதான் என்று எடுத்துக்கொள்ளுங்கள். கூடவே "எப்ப வீட்டுக்கே திரும்பி வர்றே" என்ற கேள்வியும் வரும். குழம்பைச் சாப்பிடுங்கள், நன்றாக இருந்தது என்று சொல்லுங்கள், கேள்வியைத் தொடாதீர்கள்.

வியாசர்பாடியிலிருந்து:

கேரியரை யார்கிட்ட திருப்பிக் குடுக்கிறது?

பெரம்பூரிலிருந்து:

நேரில்தான். கழுவி, உள்ளே ரெண்டு வாழைப்பழமாவது வைத்து. பத்து நிமிடம். உட்காரச் சொன்னால் உட்காருங்கள், செருப்பு மட்டும் வாசலிலேயே கண்ணில் படுகிற மாதிரி இருக்கட்டும்.