‘இன்ஃபிரக்சுவஸ்’ மனுவைத் தமிழில் எப்படிச் சொல்வது: ‘பயனொழிந்த மனு’

அன்பர்களுக்கு வணக்கம்.

இடைக்கால உத்தரவிலேயே கேட்டது கிடைத்துவிட்டதால் முதன்மை மனுவில் தீர்க்க ஒன்றும் மிஞ்சாதபோது, நம் நீதிமன்றங்கள் அதை ‘இன்ஃபிரக்சுவஸ்’ என்று தள்ளுபடி செய்கின்றன. இதைப் ‘பயனற்ற மனு’ என்று எழுதுவதை என்னால் ஏற்க முடியவில்லை. அது தொடக்கத்திலிருந்தே சாரமில்லாத மனு என்ற எண்ணத்தைத் தந்து, மனுதாரரைத் தோற்றவராகக் காட்டிவிடுகிறது. ‘காலாவதியான மனு’ என்றால் காலவரையறை கடந்த வழக்கோடு குழப்பம் வரும். ‘செல்லாத மனு’ அறவே வேறு பொருள்.

அமெரிக்காவின் டிஃபியூனிஸ் வழக்கைப் பாருங்கள். வாஷிங்டன் பல்கலைக்கழகச் சட்டப் பள்ளியில் இடம் மறுக்கப்பட்ட மார்க்கோ டிஃபியூனிஸ், சேர்க்கையில் இனம் கணக்கில் கொள்ளப்பட்டதை எதிர்த்து வழக்குத் தொடுத்து, 1971இல் விசாரணை நீதிமன்ற ஆணையால் சேர்ந்தார். மாநில உச்ச நீதிமன்றம் அந்த ஆணையை ரத்து செய்தும், அமெரிக்க உச்ச நீதிமன்ற நீதிபதி டக்ளஸ் அத்தீர்ப்பை நிறுத்தி வைத்ததால் அவர் படிப்பைத் தொடர்ந்தார். 1974இல் வழக்கு முடிவுக்கு வந்தபோது அவர் கடைசிப் பருவத்தில் இருந்தார். ஆகவே தீர்மானிக்க ஏதுமில்லை என்று 5-4 என்ற பெரும்பான்மையில் நீதிமன்றம் ஒதுங்கிக்கொண்டது. சேர்க்கையில் இனத்தைக் கணக்கில் கொள்ளலாமா என்ற கேள்வி அப்படியே நின்று, 1978இல் ஆலன் பாக்கி என்பவரின் வழக்கில் திரும்ப வந்தது. அந்த மனுவைப் பயனற்றது என்று எவர் சொல்வார்?

எனவே ‘பயனொழிந்த மனு’ என்பதை முன்மொழிகிறேன், பெயர்ச்சொல் ‘பயனொழிவு’. முன்பு பயன் இருந்தது, இடையில் நடந்த ஒன்றால் அது ஒழிந்தது என்ற காலவரிசை இச்சொல்லிலேயே இருக்கிறது. இடிக்கத் தடை கேட்ட கட்டடம் விசாரணைக்கு முன்பே இடிக்கப்பட்டுவிட்ட நிலைக்கும் இது பொருந்தும். இடைக்கால அனுமதியில் தேர்வெழுதிய மாணவரின் தேர்வு முடிவு, இறுதி உத்தரவுக்குக் கட்டுப்பட்டது என்று நிறுத்தி வைக்கப்பட்டிருந்தால், அம்மனு இன்னும் பயனொழியவில்லை என்பதையும் தெளிவாகச் சொல்லலாம்.

இந்த வேறுபாடு மனுதாரருக்கு மிக முக்கியம். முதன்மை மனு தள்ளுபடியானால் இடைக்கால உத்தரவும் அதனோடு போய்விடும் என்பதை இந்திய உச்ச நீதிமன்றம் 2010இல் கலாபாரதி வழக்கில் வலியுறுத்தியது. பெற்ற சேர்க்கை நிலைக்குமா என்பது, முடித்து வைக்கும் உத்தரவின் வாசகத்தைப் பொறுத்திருக்கக்கூடும். தமிழில் அந்த வாசகம் இப்படி அமையலாம்: “மனு பயனொழிந்துவிட்டதால் முடித்து வைக்கப்படுகிறது, இடைக்கால உத்தரவின்படி மனுதாரர் பெற்ற சேர்க்கை பாதிக்கப்படாது, எழுப்பப்பட்ட சட்டக் கேள்வி முடிவு செய்யப்படாமல் விடப்படுகிறது.”