மாத்தூர் தொட்டிப்பாலம்: தண்ணீர் ஓடும்போது போய்ப் பாருங்கள்

கன்னியாகுமரி மாவட்டத்து மாத்தூருக்குப் போகிறவர்களில் பலர் உயரத்தைப் பார்த்து மலைத்து, நாலு படம் எடுத்துக்கொண்டு திரும்பிவிடுகிறார்கள். எனக்கு அது மனசுக்கு ஒப்பவில்லை. வேடிக்கை பார்க்கக் கட்டின பாலம் இல்லை அது. இன்றைக்கும் வேலை செய்கிற சானல், அதாவது பாசன வாய்க்கால்.

திருவட்டாறிலிருந்து மூன்று கிலோமீட்டர்தான். மலைச்சரிவை ஒட்டி வருகிற பட்டணங்கால் சானலுக்குக் குறுக்கே பரளியாற்றுப் பள்ளம் கிடக்கிறது. உள்ளே இறங்கிவிட்டால் தண்ணீர் மறுகரைக்கு ஏறாது. அதனால் 28 தூண்களை எழுப்பி, அவற்றின் மேல் காங்கிரீட் தொட்டியை வைத்து, இந்த மலையிலிருந்து அந்த மலைக்கு நீரைக் கடத்திவிட்டார்கள். உயரமான தூண் 115 அடி, தொட்டி ஏழரை அடி அகலம். மோட்டார், பம்ப் எதுவும் கிடையாது, வாட்டம், அதாவது லேசான சரிவு மட்டும்தான்.

இந்தப் பக்கத்துத் தாலுகாக்களான கல்குளமும் விளவங்கோடும் திருவிதாங்கூர்-கொச்சியை விட்டு நம் மாநிலத்தோடு சேர்ந்தது 1956 நவம்பர் 1. காமராஜர் ஆட்சியில் உருவான திட்டம் இது. 1966-ல் பாலம் தயார். இணைந்து பத்தே வருஷத்தில் இப்படி ஒன்று! நினைத்தாலே எனக்கு நெஞ்சு நிறைகிறது.

ஆகஸ்டில் போயிருந்தேன். புல்லுக்கட்டோடு எதிரே வந்த பெரியவர், நான் கீழே ஆற்றையே பார்த்துக்கொண்டிருப்பதைக் கண்டு நின்றுவிட்டார். "ஆத்த அப்புறம் பாக்கலாம் மக்கா. இந்த இடைவெளியில எட்டிப் பாரு, அதுக்குத்தான இதக் கெட்டினது" என்றார். குனிந்து பார்த்தேன். மூடிய சிலாப்புகளுக்கு நடுவே, கலங்கிய நீர் தேக்கிலைகளை இழுத்துக்கொண்டு நல்ல வேகத்தில் ஓடியது.

பொதுவாக ஜூனில் அணை திறந்தால் பிப்ரவரி வரை தண்ணீர் வரும். அப்போது போங்கள்.

— — —

இதைப் படித்த ஒரு விவசாயியின் பதில்:

அண்ணே, நான் கடைவரம்புக்காரன், சானலின் கடைசியில் வயல் வைத்திருக்கிறவன். மரச்சீனி (மரவள்ளி) மட்டுமே விளைந்த மண்ணில் சானல் வந்த பிறகுதான் நெல் நட்டோம் என்று எங்கள் பாட்டா சொல்வார். இப்போது பாதி வயல் ரப்பரும் ஏத்தன் வாழையுமாக மாறிப்போச்சு. பாலத்தைக் குறை சொல்ல ஒன்றுமில்லை. அதைத் தாண்டின சானலில்தான் மண் மேடிட்டுக் கிடக்கிறது, தூர்வாராத வருஷம் எங்களுக்குச் சொட்டுத் தண்ணீர் வராது. அங்கே போகிறவர்களிடம் ஒன்று கேட்டுக்கொள்கிறேன்: காலி பாட்டிலைத் தொட்டிக்குள் போடாதீங்க. அது எங்க மடையில் வந்துதான் அடைக்குது.