கண்டிக்கோட்டையில் கயாக்கும் பாறை நடையும்: எதெல்லாம் எதிர்ப்படும்?

சித்தூர் மாங்கா:

சங்கராந்தி லீவு நெருங்குகிறது. நகரி, புத்தூர், குப்பம் பக்கமிருந்து கடப்பா மாவட்டத்துக் கண்டிக்கோட்டைக்குக் கிளம்புகிறவர்கள் கேட்பதெல்லாம் ஒன்றுதான்: கயாக் (துடுப்புப் போட்டு ஓட்டுகிற சின்னப் படகு) முதலிலா, நடை முதலிலா? கயாக்தான். விடிந்ததும் தண்ணீரில் இறங்கி, ஒன்பது ஒன்பதரைக்குள் கரையேறிவிட வேண்டும்.

பென்னா ஆறு (நம்மவர்கள் வடபெண்ணை என்பது இதைத்தான்) எர்ரமலைக் குன்றுகளை அறுத்துக்கொண்டு போகிற அந்தப் பள்ளம், கோட்டைக்கு அடியில் சுமார் 300 அடி அகலம்தான். வெயில் ஏறி மேல்தரை சூடாகத் தொடங்கியதும் காற்று எழும்பும். வெட்டவெளியில் வேர்வை ஆற்றுகிற அளவுக்கு வீசும் காற்றுகூட இந்தச் சந்துக்குள் நுழைந்தால் வேகம் பிடித்துவிடும். திருப்பங்களிலும், பக்க ஓடைகள் வந்து சேருகிற வாய்களிலும் திசை மாறி அறையும். புதிதாகத் துடுப்பு பிடிக்கிறவர் எதிர்காற்றில் மாட்டினால் கை ஓய்ந்து போகும், பக்கத்துப் பாறை மட்டும் நகரவே நகராது.

அதனால் போகும்போது எதிர்காற்று, திரும்பும்போது பின்காற்று என்று வைத்துக்கொள்ளுங்கள். "முதலில் ஜாலியாகக் காற்றோடு போவோம்" என்று வழிகாட்டி சொன்னால் மறுத்துவிடுங்கள். களைத்த கையோடு காற்றை எதிர்த்துத் திரும்புவதுதான் இங்கே பலரும் படுகிற பாடு.

இன்னொன்று, அங்கே கிடப்பது சும்மா ஓடுகிற ஆற்றுத் தண்ணீர் இல்லை. கீழே மைலவரம் அணை தேக்குகிறது, மேலே கண்டிக்கோட்டை அணை இருக்கிறது. மேலே மதகு திறந்தால் தேங்கிய தண்ணீருக்கும் ஓட்டம் வந்துவிடும், நேற்றுப் படகு இறக்கிய துறை இன்று மூழ்கியிருக்கும். வடிந்தாலோ முழங்கால் சேறு. முதல் நாள் மாலையே வழிகாட்டியிடம் மூன்று விஷயம் கேளுங்கள்: மதகு நிலை என்ன, எந்தத் துறையில் இறக்குவீர்கள், காற்று மாறினால் எந்தத் துறையில் ஏற்றுவீர்கள். மூன்றாவது கேள்விக்குப் பதில் இல்லாதவரோடு போகாமல் இருப்பதே நல்லது.

புத்தூர் கட்டு:

அண்ணா சொன்னதோடு லைஃப் ஜாக்கெட்டையும் சேர்த்துக்கொள்ளுங்கள். 2019 செப்டம்பர் 15 அன்று கோதாவரியில் கச்சுலூரு அருகே சுற்றுலாப் படகு கவிழ்ந்த பிறகு, ஜாக்கெட் ஏன் வேண்டும் என்று யாருக்கும் சொல்லித்தர வேண்டியதில்லை. எப்படிப் போடுவது என்பதைத்தான் சொல்ல வேண்டியிருக்கிறது.

கீழ்ப்பட்டையை முதலில் இறுக்குங்கள், பிறகு ஒவ்வொன்றாக மேலே வாருங்கள். எல்லாம் கட்டியதும் பக்கத்தில் நிற்பவரை இரண்டு தோள்பட்டைப் பட்டைகளையும் பிடித்து மேலே தூக்கச் சொல்லுங்கள். ஜாக்கெட் தாடையைத் தாண்டிக் காது வரை வந்தால் அது தளர்வு. தண்ணீரில் விழுந்தால் ஜாக்கெட் மேலே போகும், ஆள் கீழே நழுவுவார். பட்டையை எவ்வளவு இழுத்தும் ஏறி வருகிறதென்றால் சைஸ் தப்பு, வேறு கேளுங்கள். உள்ளே உடல் எடை அளவு அச்சடித்திருக்கும். சின்னப் பிள்ளைகளுக்குப் பெரியவர்கள் ஜாக்கெட்டை முடிச்சுப் போட்டுக் கட்டிவிடுவது எந்தக் காரணத்துக்காகவும் கூடாது. கவட்டைப் பட்டை வைத்த சின்ன சைஸ் இல்லையென்றால் பிள்ளை கரையிலேயே இருக்கட்டும்.

ஜாக்கெட்டைக் கட்டை விரலால் ஒரு இடத்தில் அழுத்திப் பாருங்கள். உள்ளிருக்கும் நுரை உடனே எழும்ப வேண்டும். குழி அப்படியே நின்றால் அது வெயிலில் செத்த சரக்கு. அமர்ந்து அமர்ந்து தட்டையானதையும், காய்ந்த பிறகும் கனக்கிறதையும் திருப்பிக் கொடுத்துவிடலாம்.

துணி விஷயத்தில், ஜீன்ஸ் வேண்டாம், துப்பட்டா வேண்டாம். நனைந்தால் கனத்து, ஏறும்போது காலைப் பின்னும். பாலியஸ்டர் டிராக் பேன்ட், முழுக்கை டிஷர்ட், கயிறு கட்டிய தொப்பி போதும். தண்ணீர் வெயிலைத் திருப்பி அடிக்கும், அதனால் தொப்பி போட்டாலும் முகம் வேகும், மூடாத புறங்காலும் வேகும்.

குப்பம் எக்ஸ்பிரஸ்:

படகு பற்றி. இப்படிச் சுற்றுலா இடங்களில் அதிகம் கிடைப்பது மேலே உட்கார்ந்து ஓட்டுகிற பிளாஸ்டிக் கயாக். உட்காரும் பள்ளத்தில் மேலிருந்து அடி வரை குழாய்போலத் துளைகள் இருக்கும். அதன் வழியாகக் கொஞ்சம் தண்ணீர் ஏறி வருவது இயல்பு, தெறித்து விழும் தண்ணீர் வடிவதும் அதே வழியில்தான். "படகு ஓட்டை" என்று கைக்குட்டையைத் திணித்து அடைக்கிறார்கள் பாருங்கள், அதற்குப் பிறகுதான் பள்ளத்தில் தண்ணீர் நிற்க ஆரம்பிக்கும்.

பயப்பட வேண்டிய இடம் வேறு. படகின் பின்முனையில் திருகு மூடி ஒன்று இருக்கும், உள்கூட்டில் சேர்ந்த தண்ணீரை வடிக்க வைத்தது. அதன் ரப்பர் வாஷர் போயிருந்தாலோ, மூடி மறை மாறி ஏறியிருந்தாலோ உள்ளே சொட்டுச் சொட்டாக இறங்கும். முதலில் ஒன்றும் தெரியாது. பிறகு படகு கனக்கும், திருப்பினால் உள்ளே தண்ணீர் ஒரு பக்கமாக ஓடி மொத்தமாகச் சாயும். கரையிலேயே இரண்டு பேர் இரு முனையையும் தூக்கி ஆட்டிப் பாருங்கள். தளும்புகிற சத்தம் கேட்டால் மூடியைக் கழற்றி வடித்து, வாஷரைத் துடைத்து மணல் இல்லாமல் திருகுங்கள். அரை நிமிஷ வேலை.

இருவர் படகில் கனமானவர் பின்னால். ஆனால் வித்தியாசம் ரொம்பவும் இருந்தால் மூக்கு தூக்கிக்கொண்டு காற்று அதைப் பிடித்துத் தள்ளும். அப்போது சாப்பாட்டுப் பையையும் தண்ணீர் கேனையும் முன்பக்கம் கட்டிச் சரிசெய்யலாம். முன்னால் இருப்பவர் தாளம் வைப்பார், பின்னால் இருப்பவர் அதைப் பார்த்துப் போட்டுத் திசையும் பார்ப்பார். இது தலைகீழானால் துடுப்பும் துடுப்பும் மோதும். புருஷன் பெண்டாட்டி சண்டையில் பாதி இங்கேதான் தொடங்குகிறது.

துடுப்பைத் தலைக்கு மேல் வைத்துப் பிடியுங்கள். இரண்டு முழங்கையும் செங்கோணமாக மடங்குகிற இடம்தான் உங்கள் பிடி. பாதத்துக்குப் பக்கத்தில் துடுப்பின் தட்டையான முனையை முழுக்க இறக்கி, இடுப்பைத் திருப்பி இழுத்து, இடுப்பு வந்ததும் வெளியே எடுத்துவிட வேண்டும். அதற்கும் பின்னால் இழுத்தால் படகு முன்னால் போகாது, முகம்தான் திரும்பும். தோளால் மட்டும் இழுக்கிறவருக்குச் சீக்கிரமே கை கடுக்கும். தள்ளுகிற கையின் விரல்களைத் தளர்த்தி வையுங்கள், உள்ளங்கைக் கொப்புளம் பாதி குறையும்.

சத்தியவேடு:

நீச்சல் தெரியாது. கவிழ்ந்தால் என்ன ஆகும், அண்ணா?

குப்பம் எக்ஸ்பிரஸ்:

ஜாக்கெட் சரியாக இருந்தால் மிதப்பீர்கள் தம்பி. முதல் வேலை ஒரு கையால் படகு, ஒரு கையால் துடுப்பு, இரண்டையும் விடாதீர்கள். காற்றில் வெறும் படகு உங்களைவிட வேகமாகப் போய்விடும்.

படகு குப்புறக் கிடந்தால் அடிப்பக்கத்தின் மேல் எட்டி அந்தப்புற விளிம்பையோ பட்டையையோ பிடித்து, முழங்காலை இந்தப்புறம் ஊன்றி, உடம்பைப் பின்னால் சாய்த்து இழுத்தால் நிமிரும். இப்போது ஏற வேண்டும். இங்கேதான் எல்லாரும் கையால் எக்கி ஏறப் பார்க்கிறார்கள், கால் படகுக்கு அடியில் போய்ப் படகு மறுபடி மேலே கவிழ்கிறது. அப்படிச் செய்யாதீர்கள். இரண்டு கையாலும் படகின் நடுவைப் பிடித்து, காலைப் பின்னால் நீட்டி உடம்பு தண்ணீரில் படுக்கையாகும் வரை உதையுங்கள். அதே உதையில் வயிறு படகின் குறுக்கே விழும்படி இழுத்துக்கொள்ளுங்கள். குறுக்கே படுத்தாயிற்றா, மூச்சு வாங்கிக்கொண்டு மல்லாக்கத் திரும்பி உட்காருங்கள், கால் இன்னும் வெளியேதான் தொங்கும். கடைசியாகக் காலை உள்ளே எடுங்கள். கூட வந்தவர் எதிர்ப்பக்கம் தண்ணீரிலேயே மிதந்தபடி விளிம்பை அழுத்திப் பிடித்தால் சுலபம். இரண்டு பேரும் ஒரே பக்கம் ஏறக் கூடாது.

இதைக் கரையோரம், இடுப்பளவு தண்ணீரில் ஒரு தரம் செய்யவைக்காத வழிகாட்டி பாதி வேலைதான் செய்கிறார்.

தெர்மாகோல் துண்டுகள் வரிசையாக மிதந்தால் அது மீன் வலை. பரிசல்காரர்கள் போட்டிருப்பார்கள், மேலே ஏற்றாமல் சுற்றிப் போங்கள். வலைக்குப் பக்கத்தில் கவிழ்ந்தால் உதைக்கிற காலே சிக்கும். நீர்மட்டம் ஏறியிருக்கும்போது கரையோர வேலிக்காத்தான் புதர் தண்ணீருக்குள் முள்ளோடு நிற்கும், காற்றடைத்த ரப்பர் கயாக்குக்கு அது எமன்.

துடுப்பைக் குறுக்காகத் தூக்கினால் நில், நெட்டாகத் தூக்கினால் வா, விசில் மூன்று தரம் என்றால் ஆபத்து. பள்ளத்துக்குள் செல்போன் சிக்னலை நம்ப முடியாது, அதனால் எத்தனை மணிக்குத் திரும்புவோம் என்று மேலே ஒருவரிடம் சொல்லிவிட்டு இறங்குங்கள்.

நகரி தறி:

பாறைக்கு வருவோம். ஊரெல்லாம் சிவப்பு கிரானைட் என்று எழுதுகிறார்கள். அது குவார்ட்சைட், மணற்கல் இறுகிக் கெட்டிப்பட்டது. கடப்பா படுகையின் அந்த அடுக்குக்குக் கண்டிக்கோட்டை குவார்ட்சைட் என்றே புவியியலில் பெயர். நடக்கிறவருக்கு இதில் என்ன என்றால், இந்தக் கல் கிடையாகவும் நெட்டாகவும் கோடு பிடித்தாற்போலப் பிளந்து, பாளம் பாளமாக நிற்கும். பார்க்க மலையோடு ஒட்டியது போலிருக்கும், மிதித்தால் ஆடும். பாளத்தின் நடுவில் கால் வையுங்கள், விளிம்பில் வைக்காதீர்கள். கையால் பிடிக்குமுன் தட்டிப் பாருங்கள், பொள்ளென்று ஒலித்தால் அடியில் பிடிப்பில்லை. காய்ந்திருந்தால் செருப்புக்கே நல்ல பிடி கிடைக்கும், பாசி ஈரமானால் அதே கல் வழுக்கும். நீர்மட்டத்தை ஒட்டிய பட்டையில்தான் விழுகிறார்கள், உயரத்தில் அல்ல.

படகில் போட்ட நனைந்த ஷூவோடு நடை தொடங்காதீர்கள். காய்ந்த சாக்ஸ் ஒரு ஜோடியைப் பத்து லிட்டர் ட்ரை பேக்கில் (தண்ணீர் புகாத பை) போட்டு, காற்றை அழுத்தி வெளியேற்றி, வாயைக் குறைந்தது மூன்று சுற்று மடித்து மாட்டுங்கள். ஒரு சுற்றோடு விட்டால் அது வெறும் பை.

நடை, சாயங்காலம் நான்கு மணிக்கு மேல். கோட்டைக்குள் ஜமா மசூதி, தானியக் களஞ்சியம் வழியாக ரங்கநாதர் கோயில் பக்கம் போய்ப் பள்ளத்தின் விளிம்பைப் பார்க்க இருட்டுவதற்குள் முடியும், ஆனால் ஆளுக்கொரு டார்ச் கட்டாயம். அரை நாளுக்கு ஆளுக்கு மூன்று லிட்டர் தண்ணீர், பாதி தீர்ந்ததும் திரும்புங்கள். ஓஆர்எஸ் ஒரு லிட்டர் பாக்கெட்டை அரை லிட்டர் பாட்டிலில் கொட்டாதீர்கள், உப்பு கூடித் தாகம்தான் ஏறும். தலைவலி, குமட்டல் வந்தால் நிழலில் உட்காரவைத்துக் குடிக்கக் கொடுங்கள். பேச்சு குழறினால் அது வெயில் தாக்கு. நனைத்து விசிறிக்கொண்டே 108ஐக் கூப்பிடுங்கள்.

புத்தூர் கட்டு:

பாறை இடுக்கில் கை விடாதீர்கள், சுருட்டை விரியனும் தேளும் இந்த மாதிரி வறண்ட கல் பூமியில்தான் குடியிருக்கும். கடித்தால் கயிறு கட்டுவது, கீறுவது, உறிஞ்சுவது எதுவும் வேண்டாம். மோதிரம், கொலுசைக் கழற்றி, அந்த உறுப்பை ஆடாமல் கட்டி, விஷமுறிவு மருந்து உள்ள ஆஸ்பத்திரிக்கு. பக்கத்துப் பெரிய ஊர் ஜம்மலமடுகு, சுமார் 15 கிலோமீட்டர். மருந்து எங்கே இருக்கிறது என்பதைக் கிளம்புமுன் வழிகாட்டியிடம் கேட்டு வையுங்கள்.

பாறை முகத்தில் மலைத்தேனீ அடை தொங்கினால் அதற்கு நேர் கீழே படகை நிறுத்தாதீர்கள். சென்ட், புகை, கூச்சல் மூன்றும் ஆகாது. கலைந்துவிட்டால் முகத்தை மூடிக்கொண்டு விலகிப் போய்க்கொண்டே இருங்கள். தண்ணீரில் முங்கினாலும் அது மேலேயே சுற்றிக்கொண்டிருக்கும்.

என் பெயரைப் பார்த்துக் கேட்பவர்களுக்கு: கால் பிசகினால் நேரே கட்டுப் போட எங்கள் ஊருக்கு வராதீர்கள், முதலில் எக்ஸ்ரே.

சத்தியவேடு:

ரயிலில் வரலாமா? அதே நாளில் பேலம் குகையும் பார்க்க முடியுமா?

சித்தூர் மாங்கா:

சென்னை மும்பை பாதையில் முத்தனூர் ஸ்டேஷன், அங்கிருந்து சுமார் 26 கிலோமீட்டர். எல்லா வண்டியும் நிற்காது, பார்த்து டிக்கெட் போடுங்கள். கார் என்றால் சித்தூரிலிருந்து பீலேரு, ராயச்சோட்டி, கடப்பா. நகரி, புத்தூர்க்காரர்கள் ரேணிகுண்டா, கோடூர், ராஜம்பேட்டை வழியாகக் கடப்பா வரலாம். பேலம் இன்னும் 60 கிலோமீட்டர் தள்ளி. உள்ளே புழுக்கம் அதிகம், ஒன்றரை கிலோமீட்டர் நடை. காலையில் துடுப்பு போட்டவர் மத்தியானம் அங்கே போனால் சாயங்கால நடைக்குக் கால் வராது தம்பி, மறுநாள் காலைக்கு வையுங்கள்.