வெண்டர்ஸின் எடிட்டர் பீட்டர் ப்ஷிகோடா பற்றி யாராவது சொல்லுங்களேன்

இரவுக்காட்சி:
ஜெர்மன் இயக்குநர் விம் வெண்டர்ஸ் படங்களை வரிசையாகப் பார்த்துக்கொண்டிருக்கிறேன். ‘ஆலிஸ் இன் த சிட்டீஸ்’, ‘கிங்ஸ் ஆஃப் த ரோட்’, ‘பாரிஸ், டெக்சாஸ்’, ‘விங்ஸ் ஆஃப் டிசையர்’ என்று எதைப் போட்டாலும் படத்தொகுப்பு என்ற இடத்தில் பீட்டர் ப்ஷிகோடா என்ற பெயர்தான். ஒளிப்பதிவாளர் ராபி முல்லரைப் பற்றி நிறையப் படிக்கக் கிடைக்கிறது, இவரைப் பற்றி யாரும் பேசுவதில்லை. இவ்வளவு மெதுவாக நகரும் படங்களில் எடிட்டருக்கு அப்படி என்ன வேலை? வெண்டர்ஸைத் தவிர வேறு யாருடனாவது வேலை பார்த்தாரா?

ரீல்பெட்டி:
மெதுவான படத்தில்தான் எடிட்டருக்கு வேலை அதிகம் என்பேன். சண்டைக்காட்சியில் ஒரு வெட்டு நாலு ஃபிரேம் தள்ளி விழுந்தால் அடுத்த வெட்டு வந்து அதை மறைத்துவிடும். ஒரே ஷாட் ஒரு நிமிடம் ஓடுகிறது என்றால், அது முடியும் இடம் தப்பக்கூடாது. தப்பினால் பார்க்கிறவருக்கு உடனே தெரிந்துவிடும்.

அதோடு, ‘கிங்ஸ் ஆஃப் த ரோட்’ முழுத் திரைக்கதை இல்லாமல் எடுத்த படம். கிழக்கு, மேற்கு ஜெர்மனிகளுக்கு இடையிலான எல்லையை ஒட்டிய சிற்றூர்கள் வழியாகப் போகப்போக எடுத்தார்கள். ‘பாரிஸ், டெக்சாஸ்’ படப்பிடிப்பு தொடங்கியபோதும் அதன் முடிவு எழுதப்படவில்லை. இப்படி எடுத்து வரும் காட்சிகளுக்கு எடிட்டிங் மேஜையில்தான் ஒரு நடை கிடைக்கிறது. ‘கிங்ஸ் ஆஃப் த ரோட்’, லாரிக்குள் இரண்டு ஆண்கள் பேசாமல் போய்க்கொண்டே இருக்கும் படம், கிட்டத்தட்ட மூன்று மணி நேரம். எனக்கு ஒரு இடத்திலும் சலிப்பு தட்டவில்லை. அதில் பாதிப் புகழாவது ப்ஷிகோடாவுக்குச் சேர வேண்டும்.

‘பாரிஸ், டெக்சாஸ்’ கடைசியில் வரும் கண்ணாடி அறைக் காட்சியை மறுபடி பாருங்கள். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இருக்கும் ஜேன், டிராவிஸைப் பிரிந்துபோன மனைவி; அவளால் அவனைப் பார்க்க முடியாது. டிராவிஸ் நாற்காலியைத் திருப்பிப் போட்டு, அவளுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்து கதை சொல்கிறான். யாருடைய கதை என்பது அவளுக்கு உறைக்க வேண்டும். அவள் முகத்துக்கு அவசரமாகத் தாவாமல், அவன் குரலை ஓடவிட்டுக் காத்திருக்கிறார் எடிட்டர். அந்தப் பொறுமை எனக்கு இன்றும் வியப்பாக இருக்கிறது.

சரி, வாழ்க்கை விவரம். 1941-இல் பெர்லினில் பிறந்தார். வெண்டர்ஸின் திரைப்படக் கல்லூரிப் படமான ‘சம்மர் இன் த சிட்டி’யில் (1970) தொடங்கியது இருவரின் கூட்டு, ‘பலெர்மோ ஷூட்டிங்’ (2008) வரை வந்தது. 2011-இல் இறந்தார். வெண்டர்ஸுக்கு வெளியே, ஷ்லோண்டோர்ஃபும் மார்கரெத்தே ஃபான் ட்ரோட்டாவும் இயக்கிய ‘த லாஸ்ட் ஆனர் ஆஃப் கத்தரினா ப்ளூம்’ (1975), எழுத்தாளர் பீட்டர் ஹாண்ட்கே இயக்கிய ‘த லெஃப்ட்-ஹேண்டட் வுமன்’ (1978) இரண்டும் இவர் தொகுத்தவை. கத்தரினா ப்ளூமைக் கட்டாயம் பாருங்கள். அதில் இவர் வேறு ஆள், இறுக்கமும் வேகமும் தெரியும்.

நெகட்டிவ்:
பாதிப் புகழ் என்பது கொஞ்சம் அதிகம். வெண்டர்ஸ் தன் படத்தை விட்டுக்கொடுக்கிற ஆள் இல்லை. ‘லைட்னிங் ஓவர் வாட்டர்’ கதை தெரியும்தானே? ப்ஷிகோடா தொகுத்த வடிவம் 1980-இல் கான் விழாவில் திரையிடப்பட்ட பிறகும், அதை வெண்டர்ஸே திரும்ப எடிட் செய்தார்.

ரீல்பெட்டி:
தெரியும். அதை ப்ஷிகோடாவின் தோல்வியாக நான் எடுத்துக்கொள்ளவில்லை. புற்றுநோயால் இறந்துகொண்டிருந்த இயக்குநர் நிக்கோலஸ் ரேயும் வெண்டர்ஸும் சேர்ந்து எடுத்த படம் அது. வெண்டர்ஸே அதில் ஒரு பாத்திரம். நண்பரின் சாவை அவ்வளவு பக்கத்திலிருந்து பார்த்தவரால் அந்தக் காட்சிகளை உடனே வெட்டி ஒட்ட முடியுமா? ப்ஷிகோடா வெளியே நின்று பார்த்துத் தொகுத்தார். அப்புறம் வெண்டர்ஸ் தன் குரலைச் சேர்த்து, ‘நான்’ என்று சொல்லும் படமாக மாற்றிக்கொண்டார். இரண்டுமே நியாயமான பார்வைகள்தான். அதற்குப் பிறகும் ‘பாரிஸ், டெக்சாஸ்’ இவர் மேஜைக்குத்தானே வந்தது!

இரவுக்காட்சி:
நன்றி இருவருக்கும். கத்தரினா ப்ளூம் இந்த வாரமே. அடுத்து எது?

ரீல்பெட்டி:
வெண்டர்ஸின் ‘அன்டில் த எண்ட் ஆஃப் த வேர்ல்ட்’. 1991-இல் வெளியான சுருக்கப்பட்ட வடிவத்தை விட்டுவிடுங்கள், 287 நிமிட இயக்குநர் வடிவத்தைத் தேடிப் பிடியுங்கள். ஒரு நாள் முழுக்க ஒதுக்கிவிட்டு உட்காருங்கள்.