சோல் லெவிட் சுவர் ஓவியங்கள்: காகிதத்தில் இல்லாத வேலை

அமெரிக்கக் கலைஞர் சோல் லெவிட்டின் சுவர் ஓவியம் ஒன்றை வாங்கியவரிடம் இருப்பது ஒரு சான்றிதழும் ஒரு வரைபடமும்தான். சுவரில் போடுவது உதவியாளர்கள். கண்காட்சி முடிந்ததும் மேலே வெள்ளையடித்துவிடலாம்; பிறகு வேறு ஊரில், வேறு சுவரில் போடலாம். 2007இல் அவர் காலமானார். அடுத்த ஆண்டு அமெரிக்காவின் மாஸ் மோக்கா அருங்காட்சியகத்தில் அவருடைய 105 சுவர் ஓவியங்கள் திறக்கப்பட்டன. பழைய உதவியாளர்களோடு மாணவர்களும் சேர்ந்து மாதக்கணக்கில் வரைந்தவை அவை.

பென்சில் வேலையில் பாதி கெடுவது சுவரால்தான். ரோலர் விட்டுப்போகும் புள்ளிப்புள்ளியான மேடுகளில் கோடு தாவித் தாவி ஓடும். பட்டி பார்த்து, ஒவ்வொரு பூச்சுக்கும் நடுவே உப்புத்தாள் போட்டு, பளபளப்பில்லாத வெள்ளை அடிக்க வேண்டும். பெயின்ட் நன்றாக இறுகும் முன் தொடங்கினால் 9எச் மாதிரிக் கடினப் பென்சில் கோடு போடாது, கீறும். மென்மையான பென்சிலுக்கு மாறலாமே என்று தோன்றும். கை பட்ட இடமெல்லாம் கரி ஈஷிக்கொள்ளும்.

*

சுவர் சரி, அடுத்தது 46ஆம் எண்; லெவிட்டின் சுவர் ஓவியங்களுக்கு எண்தான் பெயர். செங்குத்துக் கோடுகள், நேராக இருக்கக் கூடாது, ஒன்றையொன்று தொடக் கூடாது, சுவர் முழுக்கச் சீராகப் பரவ வேண்டும். லெவிட்டின் தோழியான சிற்பி ஈவா ஹெஸ்ஸே இறந்த 1970இல் அவருக்குக் காணிக்கையாக்கியது. படிக்கச் சுலபம். ஆனால் கை தானாகவே பக்கத்துக் கோட்டின் வளைவைப் பின்பற்றப் பார்க்கும். இருபது கோடு தாண்டினால் சுவரில் அலை எழும்பிவிடும், பிறகு திருத்த வழியில்லை. அதனால் ஒரே ஆளை ஒரே பகுதியில் நாள் முழுக்க விடாதீர்கள், இடம் மாற்றுங்கள். அடிக்கடி பத்தடி பின்னால் போய்ப் பாருங்கள். முனை மழுங்கினால் கோடு தடித்து அந்த இடம் மட்டும் கறுத்துத் தெரியும், ஆகவே சீவிக்கொண்டே இருக்க வேண்டும். அழகாக நெளித்துக் காட்டுகிறவர்தான் இந்த வேலைக்கு ஆபத்து!

51ஆம் எண் நம் கொத்தனார் நூலடிப்பதேதான், நீலப்பொடியில். மூலை, கதவு, ஜன்னல் என்று கட்டடத்தின் புள்ளிகளையெல்லாம் நேர்கோட்டால் இணைக்க வேண்டும். நீளமான கோட்டுக்கு மூன்று பேர்: இருவர் முனைகளில், ஒருவர் நடுவில் நூலை அழுத்திக்கொண்டு இரு பாதியையும் தனித்தனியாகத் தட்ட வேண்டும். ஒரே தட்டில் முடிக்கப் பார்த்தால் நூல் ஆடிக் கோடு இரட்டையாக விழும்.

*

மை வேலையைப் பற்றி: சிவப்பு, மஞ்சள், நீலம், சாம்பல், இந்த நாலும் ஒன்றன்மேல் ஒன்றாக ஏறித்தான் மற்ற நிறங்கள் வருகின்றன. வரைபடத்தில் நிறங்களைக் குறிக்கும் எழுத்துகளின் வரிசையை மாற்றினால் நிறமே மாறிவிடும். தண்ணீர் கலந்த மையைத் துணியால் தேய்த்து, அதே துணியால் குத்திக் குத்திப் பரப்ப வேண்டும். முழுச் சுவருக்கான மையையும் முதலிலேயே ஒரே வாளியில் கலந்துவிடுங்கள். பாதியில் தீர்ந்து மறுபடி கலந்தால் ஒட்டுப் போட்டது தெரியும். விளிம்பில் டேப் ஒட்டியதும் அதன் ஓரத்தில் சுவரின் வெள்ளையையே ஒரு முறை பூசிக் காயவிடுங்கள். கசிந்தாலும் கசிவது வெள்ளைதான்.

மேலே சொன்ன கைப்பக்குவம் எதுவும் சான்றிதழில் இருக்காது. ஓவியத்தின் பெயர்ப்பலகையில் முதலில் வரைந்த உதவியாளர்களின் பெயர்கள் இருக்கும். துணி எது, விகிதம் என்ன, எத்தனை பூச்சு என்பதை அந்தந்தச் சுவர் முடியும் அன்றே எழுதி வையுங்கள். வெள்ளையடித்த பிறகு பார்த்து எழுத அங்கே ஒன்றும் இருக்காது.